பெண்ணியமும் கத்தோலிக்க விசுவாசமும்: எங்கள் ஊரில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பினாங்கு மாநிலத்தின் நிபோங் திபாலைச் சுற்றி முதலில் கரும்பு, பிறகு பால்மரம் (ரப்பர்), இப்போது செம்பனை. இந்தத் தோட்டங்களின் லயங்கள் என்ற வரிசை வீடுகளிலிருந்து டவுனுக்கும் தாமான் என்ற குடியிருப்புகளுக்கும் குடிவந்த கத்தோலிக்கத் தமிழ்க் குடும்பங்களில் எங்களுடையதும் ஒன்று. மறைக்கல்வி வகுப்பு எடுப்பதால் பெண்கள் என்னிடம் வந்து கேட்பார்கள். சிலர் பூசை முடிந்து வாசலில் நின்று கேட்பார்கள், சிலர் ராத்திரி வாட்சப்பில். கேள்விகள் பெரும்பாலும் ஒன்றுதான் என்பதால் பதில்களை இங்கே எழுதி வைக்கிறேன். சபை சொல்வது எது, என் அபிப்பிராயம் எது என்று அந்தந்த இடத்தில் பிரித்துச் சொல்லிவிடுகிறேன்.

ஒரு கத்தோலிக்கப் பெண் பெண்ணியவாதியாக இருக்கலாமா?

இருக்கலாம். ஆணுக்குள்ள மதிப்பும் உரிமையும் பெண்ணுக்கும் உண்டு, அதை மறுக்கிற பழக்கங்களும் சட்டங்களும் மாற வேண்டும் என்று கேட்பதில் விசுவாசத்துக்கு விரோதமாக ஒன்றும் இல்லை. இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965இலேயே, பெண் என்பதற்காக ஒருவருடைய அடிப்படை உரிமையை மறுப்பது கடவுளின் திட்டத்துக்கு எதிரானது என்று எழுதிவிட்டது. 1995இல் பெய்ஜிங்கில் உலகப் பெண்கள் மாநாடு நடப்பதற்கு முன்பு, போப் இரண்டாம் ஜான் பால் உலகப் பெண்களுக்கு ஒரு கடிதம் எழுதினார். பெண்களை ஒடுக்கியதில் சபையின் பிள்ளைகளுக்கும் பங்கு இருந்திருந்தால் அதற்காக வருந்துவதாக அதில் சொன்னார். அதே வருடம் வேறொரு மடலில் ‘புதிய பெண்ணியம்’ வேண்டும் என்றும் எழுதினார். அதனால் அந்தச் சொல்லைக் கேட்டவுடன் சிலுவை போட்டுக்கொள்ள வேண்டிய அவசியம் இல்லை.

உண்மையான மோதல் இரண்டு இடத்தில் இருக்கிறது. ஒன்று குருத்துவம், இன்னொன்று கருத்தடையும் கருக்கலைப்பும். இரண்டையும் கீழே மழுப்பாமல் சொல்கிறேன். ஆனால் எங்கள் ஊர்ப் பெண்கள் அழுதுகொண்டே சொல்கிற விஷயங்களில் பெரும்பாலானவை இந்த இரண்டிலும் சேராது. அவை லயத்துக் காலத்திலிருந்து வீட்டுக்குள் இருக்கிற பழக்கங்கள். யாரோ எப்போதோ தீர்த்தம் தெளித்துவிட்டார்கள், அதனால் வேதம் மாதிரி தெரிகின்றன.

பெண்ணியம் படித்த, வசதியான பெண்களின் பேச்சுதானே? தோட்டத்துப் பெண்களுக்கும் அதற்கும் என்ன சம்பந்தம்?

இந்தக் கேள்வியைப் பெரும்பாலும் ஆண்கள்தான் கேட்கிறார்கள்.

தோட்டத்தில் வேலை செய்த ஒரு பெண்ணின் நாளை நினைத்துப் பாருங்கள். விடியுமுன் எழுந்து சமைத்து, பிள்ளையை ஆயாக்கொட்டகையில் விட்டுவிட்டு, பெரட்டுக்கு, அதாவது காலை ஆள்கணக்கெடுப்புக்கு, போக வேண்டும். பிறகு நெற்றி விளக்கோடு பால் வெட்டு, அப்புறம் பால் எடுத்துத் தூக்கிக்கொண்டு ஸ்டோருக்கு நடை. வீட்டுக்கு வந்தால் தண்ணீர், துணி, அடுப்பு. ஆண் அதே பால் வெட்டிவிட்டு வந்து உட்காருவார், அல்லது கள்ளுக்கடைக்குப் போவார். வேலையை மேற்பார்க்கும் கங்காணி ஆண், தண்டல் ஆண், கணக்கு எழுதும் கிராணி ஆண். செம்பனை வந்த பிறகு உரம் போடுவது, மருந்து அடிப்பது எல்லாம் அதிகமாகப் பெண்கள் தலையில் விழுந்தது. பாராகுவாட் என்ற களைக்கொல்லியை முதுகில் சுமந்து அடித்தவர்களில் பெரும்பாலோர் பெண்கள். நகம் கழன்று போனவர்கள், மூக்கில் ரத்தம் வந்தவர்கள் உண்டு. அந்த மருந்துக்கு மலேசியாவில் முழுத் தடை 2020இல்தான் வந்தது.

அந்தத் தடைக்காகப் பல ஆண்டுகள் குரல் கொடுத்த அமைப்புகளில் ஒன்று தெனாகானித்தா. அதை 1991இல் தொடங்கியவர் ஐரீன் பெர்னாண்டஸ். 1946இல் கெடாவின் சுங்கைப்பட்டாணியில் பிறந்தவர், ரப்பர் தோட்டச் சூழலில் வளர்ந்தவர், கத்தோலிக்கர். ஆசிரியர் வேலையை விட்டுவிட்டுத் தொழிலாளர் பக்கம் வந்தவர். தடுப்பு முகாம்களில் வெளிநாட்டுத் தொழிலாளர் படும் கொடுமை பற்றி 1995இல் அறிக்கை வெளியிட்டதற்காக வழக்குப் போட்டு இழுத்தார்கள். 2003இல் ஒரு வருடச் சிறைத் தண்டனை விதித்தார்கள். மேல்முறையீட்டில் 2008இல்தான் விடுதலை. 2014இல் காலமானார். நமக்குப் பக்கத்து மாநிலத்துப் பெண், நம் மாதிரியே பூசைக்குப் போனவர். நம் பிள்ளைகளுக்கு ஐரோப்பாவின் புனிதர்களைச் சொல்லித் தருகிறோம், சரி. இவரையும் சொல்லித் தரலாம்.

“மனைவியரே, கணவருக்குப் பணிந்திருங்கள்” என்று பைபிளில் இருக்கிறதே?

இருக்கிறது. எபேசியர் ஐந்தாம் அதிகாரம், 22ஆம் வசனம். கல்யாணப் பூசையில் இதை வாசிக்கும்போது மாப்பிள்ளை வீட்டு வரிசையில் ஒரு சின்னச் சிரிப்பு ஓடும், கவனித்திருப்பீர்கள்.

ஒரு வசனம் மேலே போங்கள். 21ஆம் வசனம், கிறிஸ்துவுக்கு அஞ்சி ஒருவருக்கொருவர் பணிந்திருக்கச் சொல்கிறது. பிறகு கீழே போங்கள். மனைவிக்கு மூன்று வசனம் என்றால் கணவனுக்குக் கிட்டத்தட்ட அதைப்போல் மூன்று மடங்கு. கிறிஸ்து சபைக்காக உயிரைக் கொடுத்ததுபோல் நீ மனைவியை நேசி என்கிறது. அந்தக் காலத்து ரோமைச் சட்டத்தில் வீட்டுத் தலைவனுக்கு எவ்வளவு அதிகாரம் இருந்தது என்று தெரிந்தால், அன்றைக்கு அதைக் கேட்டு அதிர்ந்தது கணவன்மார்களாகத்தான் இருக்கும் என்று புரியும்.

போப் பிரான்சிஸ் 2016இல் குடும்பம் பற்றி எழுதிய ஏட்டில் இந்தப் பகுதியை எடுத்து, பெண்ணை எந்த விதத்திலும் அடிமைப்படுத்துவதற்கு இதைப் பயன்படுத்தக் கூடாது, பவுல் அன்றைய பண்பாட்டின் மொழியில் பேசுகிறார் என்று விளக்கியிருக்கிறார். 22ஆம் வசனத்தை மட்டும் ஒப்பிக்கிற மாமனார்களுக்கு அந்த ஏட்டைக் காட்டலாம். படிப்பார்களா என்பது வேறு விஷயம்.

கணவன் அடிக்கிறான். பொறுத்துக்கொள்வது சிலுவை சுமப்பதுதானே?

இல்லை. இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிக்க நேரம் இருக்கிறது என்றால் இதைப் படியுங்கள்.

இயேசு தானாகச் சிலுவையை எடுத்தார். அடுத்தவர் முதுகில் சிலுவையை ஏற்றிவிடுவதற்கு அவர் யாருக்கும் அனுமதி கொடுக்கவில்லை. அடி வாங்கிக்கொண்டு வீட்டோடு இரு என்று திருச்சபைச் சட்டத்தில் எங்கும் இல்லை. சட்ட எண் 1153 சொல்வது நேர் எதிர். துணைவர் ஒருவர் மற்றவருக்கோ பிள்ளைகளுக்கோ மனத்துக்கோ உடலுக்கோ பெரிய ஆபத்தை உண்டாக்கினால், பிரிந்து போக அது நியாயமான காரணம். வழக்கமாக ஆயரின் அனுமதி வேண்டும். தாமதித்தால் ஆபத்து என்றால் தானாகவே முடிவெடுத்துப் போகலாம். பிரான்சிஸ் அதே 2016 ஏட்டில், சில நேரங்களில் பிரிவது ஒழுக்கரீதியாகவே தேவையாகிறது என்று எழுதினார். பலவீனமான துணையையும் சின்னப் பிள்ளைகளையும் காப்பாற்றத்தான் அப்படி.

நாட்டுச் சட்டமும் இருக்கிறது. மலேசியாவின் குடும்ப வன்முறைச் சட்டம் 1994இல் இயற்றப்பட்டு 1996இல் நடைமுறைக்கு வந்தது. பிறகு திருத்தங்களும் வந்தன. அடி மட்டுமல்ல, மிரட்டல், மனரீதியான கொடுமை, பொருளைச் சேதப்படுத்துவது எல்லாம் அதில் அடங்கும். போலீஸில் புகார் கொடுத்தால், விசாரணை முடியும்வரை கணவன் கிட்ட வராமல் இருக்க இடைக்காலப் பாதுகாப்பு உத்தரவு வாங்கலாம். நீதிமன்றம்வரை போக நேரமில்லாத அவசரத்தில், சமூகநலத் துறை அதிகாரியே ஏழு நாளைக்கு அவசரப் பாதுகாப்பு உத்தரவு கொடுக்க முடியும், அதற்குப் போலீஸ் புகார்கூட முதலில் தேவையில்லை. ‘தாலியான் காசே’ (Talian Kasih) என்ற அரசாங்க உதவித் தொலைபேசி எண் 15999, இருபத்துநான்கு மணி நேரமும் உண்டு. காயம் இருந்தால் அரசாங்க ஆஸ்பத்திரி அவசரப் பிரிவுக்குப் போய் என்ன நடந்தது என்று உள்ளபடி சொல்லுங்கள், ‘வழுக்கி விழுந்தேன்’ என்று எழுத விடாதீர்கள். அந்த மருத்துவ அறிக்கை பின்னால் மிகவும் உதவும். பினாங்கில் 1985 முதல் இயங்கும் ‘விமன்ஸ் சென்டர் ஃபார் சேஞ்ச்’ இலவசமாக ஆலோசனை தருகிறது.

இன்னொன்று. சிலர் அடி வாங்கியதைப் பாவசங்கீர்த்தனத் தொட்டியில் போய்ச் சொல்கிறார்கள். அங்கே சொன்னதை ஃபாதர் யாரிடமும் சொல்ல முடியாது, உங்களுக்காக ஒரு போன்கூடச் செய்ய முடியாது. அடி வாங்கியது பாவமும் இல்லை. உதவி வேண்டுமென்றால் பங்கு அலுவலகத்தில் உட்கார்ந்து, வெளிப்படையாகப் பேசுங்கள். தனியாகப் போகத் தயக்கமாக இருந்தால் ஓர் அக்காவை அழைத்துக்கொண்டு போங்கள்.

கணவனைப் பிரிந்துவிட்டால் நற்கருணை வாங்க முடியாதா?

வாங்கலாம். பிரிந்து வாழ்வது தடை இல்லை. நீதிமன்றத்தில் விவாகரத்து வாங்குவதும் தன்னளவில் தடை இல்லை. பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளவும் சொத்துரிமையைக் காக்கவும் வேறு வழி இல்லை என்றால் அதைப் பொறுத்துக்கொள்ளலாம் என்று சபையின் மறைக்கல்வி ஏடே சொல்கிறது. முதல் திருமணம் செல்லாது என்று சபை அறிவிக்காத நிலையில் மறுமணம் செய்யும்போதுதான் சிக்கல் வருகிறது. அப்படி அறிவிக்கக் கேட்கும் வழக்கு நடைமுறையை பிரான்சிஸ் 2015இல் எளிதாக்கினார். முன்பு இரண்டு தீர்ப்பு ஒத்துப்போக வேண்டும், இப்போது ஒன்று போதும்.

பிரிந்த பெண்களைப் பீடத்துக்கு வராமல் தடுப்பது பெரும்பாலும் சட்டம் இல்லை. பின் வரிசையில் உட்கார்ந்திருக்கிற உறவுக்காரர்களின் பார்வை.

ஏன் பெண்கள் குருவாக முடியாது?

சபை சொல்லும் காரணம் இது. இயேசு பன்னிரண்டு திருத்தூதர்களாக ஆண்களையே தேர்ந்தெடுத்தார், சபை தொடக்கத்திலிருந்து அதையே பின்பற்றி வருகிறது, அதை மாற்ற சபைக்கே அதிகாரம் இல்லை. 1976இல் வத்திக்கான் இதை ஓர் அறிக்கையாக வெளியிட்டது. 1994இல் இரண்டாம் ஜான் பால் இது முடிந்துபோன விஷயம் என்று திட்டவட்டமாக அறிவித்தார். பிரான்சிஸும் அதையே உறுதிப்படுத்தினார்.

இதோடு ஒத்துப்போகாத கத்தோலிக்கப் பெண்கள் உலகம் முழுக்க இருக்கிறார்கள், இறையியல் பேராசிரியர்களும் உண்டு. என்னைக் கேட்டால், அந்தக் காரணம் எனக்கு முழுதாகச் சமாதானம் தரவில்லை. பன்னிருவரும் யூதர்கள்தான். ஆனால் யூதர் மட்டும்தான் குருவாகலாம் என்று யாரும் சொல்லவில்லையே என்ற கேள்வி வகுப்பில் பதினைந்து வயதுப் பிள்ளைகளிடமிருந்தே வருகிறது. சபையின் பதிலையும் சொல்வேன்: அப்பமும் திராட்சை ரசமும்போல இதுவும் அருளடையாளத்தின் ஒரு பகுதி, கிறிஸ்துவின் இடத்தில் நிற்பவர் ஆணாக இருப்பது அதில் அடங்கும் என்கிறது சபை. பிள்ளைகள் இரண்டையும் கேட்டு யோசிக்கட்டும். கேட்காதே என்று வாயை அடைத்தால் கோயிலுக்கு வருவதை நிறுத்திவிடுவார்கள்.

திருத்தொண்டர் (டீக்கன்) பட்டம் வேறு கேள்வி. ரோமையர் கடிதத்தின் கடைசி அதிகாரத்தில் பெயிபா என்ற பெண்ணைப் பவுல் திருத்தொண்டர் என்றே குறிப்பிடுகிறார். அதை ஆராய பிரான்சிஸ் 2016இலும் 2020இலும் குழுக்கள் அமைத்தார். கதவு இன்னும் திறக்கவில்லை.

அப்படியானால் பெண்கள் சபையில் என்னதான் செய்யலாம்?

நம் ஊரில் பலர் நினைப்பதைவிட நிறைய. 1994 முதல் பெண் பிள்ளைகள் பீடப் பணி செய்யலாம், அந்தந்த ஆயரின் முடிவுப்படி. 2016 முதல் பெரிய வியாழனன்று பெண்களின் பாதங்களையும் கழுவலாம். 2021 ஜனவரியில் வாசகர், பீடத்துணைவர் ஆகிய பணிகளுக்குப் பெண்களை முறைப்படி நியமிக்கச் சட்டமே திருத்தப்பட்டது. 2023இல் ரோமில் நடந்த ஆயர் மாமன்றத்தில் முதன்முறையாகப் பெண்கள் ஓட்டுப் போட்டார்கள், 54 பேர். 2025 ஜனவரியில் சிமோனா பிராம்பில்லா என்ற சிஸ்டர் வத்திக்கானின் ஒரு துறைக்கே தலைவரானார், இதுவும் முதன்முறை.

இதெல்லாம் ரோமில். தோட்டத்தில் அதற்கு ரொம்ப முன்பே நடந்தது வேறு. சாமியார் எப்போதாவது வந்து பூசை வைக்கும் தோட்டத்துச் சிற்றாலயங்களில், மற்ற நாளெல்லாம் ஜெபமாலை சொல்லி, சாவு வீட்டில் ஜெபித்து, பிள்ளைகளுக்கு மந்திரம் சொல்லிக் கொடுத்து விசுவாசத்தைக் காப்பாற்றியது எழுதப் படிக்கக்கூடத் தெரியாத கிழவிகள். உபதேசியார், அதாவது மறைக்கல்வி சொல்லித் தருபவர், என்ற பட்டம் ஆணுக்கு, வேலை பாட்டிக்கு. பங்குப் பேரவைத் தேர்தலில் பெண் பெயர் வரும்போது “அனுபவம் போதுமா” என்று கேட்பவர்கள் இதை நினைத்துப் பார்க்கலாம்.

கருத்தடை?

சபையின் போதனை 1968இல் போப் ஆறாம் பவுல் எழுதிய மடலில் இருக்கிறது, மாறவில்லை. செயற்கைக் கருத்தடை கூடாது, இயற்கை முறையில் இடைவெளி விடலாம். கருக்கலைப்பைச் சபை பெரும் பாவமாகவே பார்க்கிறது. மலேசியச் சட்டமோ, தாயின் உயிருக்கோ உடல், மன நலத்துக்கோ ஆபத்து என்று மருத்துவர் கருதினால் அனுமதிக்கிறது. பெண்ணியவாதிகள் பலரும் சபையும் இங்கே எதிர் எதிரே நிற்கிறார்கள், அதை மறைத்துப் பிரயோஜனம் இல்லை.

எனக்கு இருக்கிற ஒரே குறை, இந்தப் போதனையின் பாரம் எப்போதும் பெண்மேல் மட்டும் விழுகிறது என்பது. இயற்கை முறை என்றால் கணவனும் சில நாள் விலகி இருக்க வேண்டும். திருமண ஆயத்த வகுப்பில் இதை மாப்பிள்ளைகளுக்கு அழுத்திச் சொல்ல வேண்டும்.

மாதாவைப் பார்த்துக் கற்றுக்கொள் என்கிறார்கள். அடக்கமாக இரு என்பதற்குத்தானே அவரைக் காட்டுகிறார்கள்?

காட்டுகிறார்கள். ஆனால் லூக்கா எழுதியதைப் படித்தால் வேறு பெண் தெரிகிறார். வானதூதர் வந்து சொன்னபோது, அது எப்படி நடக்கும் என்று அவர் கேள்வி கேட்கிறார். பிறகு தானே சம்மதிக்கிறார். அப்பாவிடம் கேட்டுச் சொல்கிறேன், சூசையிடம் கேட்டுச் சொல்கிறேன் என்று சொல்லவில்லை. அப்புறம் மலைநாட்டுக்குப் புறப்பட்டு எலிசபெத்தைப் பார்க்கப் போகிறார். அங்கே பாடும் பாட்டில், வலியோர் அரியணையிலிருந்து தூக்கி எறியப்படுகிறார்கள், பசித்தவர்கள் வயிறு நிறைகிறது, பணக்காரர்கள் வெறுங்கையோடு போகிறார்கள். இந்தப் பாட்டைத் தோட்டத்துப் பெரட்டுக் களத்தில் நின்று பாடியிருந்தால் துரை சும்மா விட்டிருக்க மாட்டார்.

மகதலா மரியாவுக்கு நடந்தது இன்னும் மோசம். உயிர்த்த இயேசுவை முதலில் கண்டு சீடர்களுக்குச் செய்தி சொன்னவர் அவர். 591இல் போப் பெரிய கிரகோரி ஒரு மறையுரையில், லூக்கா நற்செய்தியில் வரும் பெயரில்லாத பாவியான பெண்ணும் இவரும் ஒருவரே என்று சொன்னார். அந்தப் பெயர் ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் ஒட்டிக்கொண்டது. 2016இல் அவருடைய நாள், ஜூலை 22, திருத்தூதர்களின் நாளுக்குச் சமமான விழாவாக உயர்த்தப்பட்டது. நான்கு நாள் கழித்து, 26ஆம் தேதி, நாம் எல்லோரும் புக்கிட் மெர்தாஜாம் அன்னம்மாள் திருவிழாவுக்கு வேன் பிடித்துப் போகிறோம். 22ஆம் தேதியை யாருக்கும் நினைவில்லை.

தாலி, பொட்டு, சீதனம், விதவை முன்னால் வரக் கூடாது என்பதெல்லாம்?

சபைக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. திருமணம் செல்லுபடியாகத் தேவை இருவருடைய முழுச் சம்மதம். விதவைத் தாய் மகளை ஆசீர்வதிக்கக் கூடாது என்று கோயிலுக்குள் யாராவது சொன்னால், எந்தச் சட்டப் புத்தகத்தில் என்று கேளுங்கள்.

என் மகள் “இந்தச் சபை பெண்களுக்கு எதிரி” என்று பூசைக்கு வருவதில்லை. என்ன செய்ய?

அதட்டாதீர்கள். அவள் சொல்வதில் எவ்வளவு உண்மை என்று முதலில் கேளுங்கள், ஏதாவது ஒரு சம்பவம் பின்னால் இருக்கும். இன்ஃபண்ட் ஜீசஸ் சிஸ்டர்கள் 1852இல் பினாங்குக்கு வந்து பெண் பிள்ளைகளுக்குப் பள்ளி தொடங்கியதையும் சொல்லலாம். சியன்னா கத்தரீன் போப்புக்கே கண்டித்துக் கடிதம் எழுதியதையும், 1970இல் அவருக்கும் அவிலா தெரேசாவுக்கும் சபை மறைவல்லுநர் (சபைக்கே ஆசிரியர்) பட்டம் கொடுத்ததையும் சொல்லலாம். இதெல்லாம் கேட்டு உடனே வந்துவிடுவாள் என்று நான் உத்தரவாதம் தரமாட்டேன்.

எங்கள் மாதர் குழுவில் இதைப் பேச வேண்டும். எங்கே தொடங்குவது?

ரோமையர் 16ஐ உரக்க வாசியுங்கள். பெயிபா, பிரிஸ்கா, யூனியா, பெர்சி என்று பவுல் பெயர் சொல்லிக் குறிப்பிடும் பெண்களை எண்ணிப் பாருங்கள். அடுத்த கூட்டத்துக்கு குடும்ப வன்முறைச் சட்டம் தெரிந்த ஒருவரைக் கூப்பிடுங்கள், தமிழில் விளக்கக்கூடியவராகப் பாருங்கள். ஞாயிறு பூசை முடிந்தவுடன் மட்டும் வைக்காதீர்கள், எல்லோரும் மதியச் சமையலுக்கு ஓடிவிடுவார்கள். சனிக்கிழமை சாயங்காலம் வைத்து, அன்றைக்கு டீயும் பலகாரமும் ஆண்கள் குழுவின் பொறுப்பு என்று முன்கூட்டியே எழுதிக் கொடுத்துவிடுங்கள்.